நூற்றுப் பத்துப் பேருக்கு ஒரு பல்லவி

வெந்நீரில் உப்புப் போட்டு எட்டு முறை கொப்பளிக்கிறார். ஏழு என்று நிறுத்தமாட்டார், ஒன்பதுக்கும் போகமாட்டார். எட்டாவது வாய்த் தண்ணீரைத் துப்பிவிட்டுக் கழுத்தில் துண்டைச் சுற்றிக்கொண்டு, பயிற்சி முகாமின் நீளத் தாழ்வாரத்தில் முப்பது அடி போய் முப்பது அடி திரும்பி வருகிறார். அந்த நேரத்தில் யாராவது எதிரே வந்து வணக்கம் வைத்தால் கை மட்டும் உயரும். காலை ஆறு மணி வரை அவருடைய வாய் அரசாங்கச் சொத்து. வீண் பேச்சுக்குத் திறக்காது.

பணிப் பதிவேட்டில் அவருக்கு வேறு பெயர் இருக்கிறது. அதைச் சொல்லிக் கூப்பிட்டால் அவரே கொஞ்சம் யோசித்துத்தான் திரும்புவார். முகாமில் எல்லோருக்கும் அவர் பல்லவி. ஆறடி உயரமும் மேலுதட்டை மூடிய மீசையுமாக ஒருவர், 'பல்லவி' என்றதும் திரும்பிப் பார்க்கிறாரே என்று புதிதாக வரும் பயிற்சி வீரர்கள் முதல் நாள் சிரிப்பார்கள். இரண்டாம் நாள் சிரிப்பதற்கு மூச்சு மிச்சம் இருக்காது.

நெடுநடைக்குப் பாட்டெடுத்துக் கொடுப்பது அவர் வேலை. முதுகில் மூட்டையும் தோளில் துப்பாக்கியுமாக அணி போகும்போது, இடது ஓரமாக நடந்தபடி ஒரு வரியை எடுத்துக் கொடுப்பார். நூற்றுப் பத்துப் பேரும் அடுத்த வரியைத் திருப்பிக் கொடுப்பார்கள். அவர் வரிக்கு நான்கு அடி, அவர்கள் வரிக்கு நான்கு அடி.

"பூட்ஸுக்குள்ள கல்லு ஒண்ணு" என்பார்.

"கெடக்கட்டும் கெடக்கட்டும்" என்று அணி சொல்லும்.

"மேட்டுக்கு மேல மேடு ஒண்ணு."

"ஏறட்டும் ஏறட்டும்."

இப்படி நாற்பத்தெட்டு ஜோடி. ஒரு சுற்றுப் பாடி முடிக்க மூன்று நிமிடத்துக்குக் கொஞ்சம் மேலே ஆகும். சமையல்காரர், வைத்தியர், செருப்புத் தைப்பவர் என்று யாரும் அதில் தப்புவதில்லை. கேப்டனைப் பற்றியும் ஒரு ஜோடி உண்டு. கேப்டனின் காது எட்டுகிற தூரத்தில் இருந்தால் அந்த இடத்தில் மழையைப் பற்றி ஒன்று வரும்.

அவர் பாடுவதற்காகச் சம்பளம் வாங்குகிறார் என்றுதான் நானும் நினைத்திருந்தேன். "வாய்க்கு இல்ல, காதுக்குத்தான் எனக்குச் சம்பளம்" என்று அவர் திருத்தினார். முகாமின் நிலையாணைப் புத்தகத்தில் அவருக்காகவே ஒரு வரி இருக்கிறது: பதில் குரல் தளர்ந்தால் பாட்டெடுப்பவர் நடையைத் தளர்த்த வேண்டும், அதற்கு எவருடைய அனுமதியும் தேவையில்லை. ஓடுகிற வண்டியில் இருக்கும் கேப்டன்கூட அந்த இடத்தில் அவருக்குக் கீழேதான். "பாட முடியிறவனுக்கு மூச்சு இருக்குன்னு அர்த்தம். குரல் மெலிஞ்சா அடியக் குறை. இதுக்குப் பெரிய படிப்பெல்லாம் வேணாம்" என்றார்.

படிப்பு என்றது எனக்காக. முகாம் அலுவலகத்தில் நான் தட்டச்சு எழுத்தர். வரலாற்றில் பட்டம் வாங்கியவன் என்று தெரிந்ததும், ஆண்டு மலருக்கு நடைப்பாட்டின் வரலாற்றை எழுதித் தரச் சொன்னார்கள். எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். அச்சில் பெயர் வரும் என்றால் விடுவேனா. நூலகத்தில் ஒரு வாரம் குறிப்பெடுத்துக்கொண்டு போய் அவர் முன்னால் படித்தேன். முதலில் முரசும் குழலும்தான் சிப்பாயின் காலுக்குக் கட்டளையிட்டன. வழி நீண்டு, ஊதுகிறவனுக்கே மூச்சு வாங்கிய இடங்களில் படை தானாகப் பாட ஆரம்பித்தது. படகுக்காரன் பாட்டும் தாலாட்டும் குடிகாரன் பாட்டும் சீருடை மாட்டிக்கொண்டன. அரசன் மாறும்போது சொல்லை மாற்றி, மெட்டை அப்படியே வைத்துக்கொண்டார்கள். எதிரெதிர்ப் படைகள் ஒரே மெட்டைப் பாடிக்கொண்டு வந்து ஒன்றையொன்று சுட்டதும் உண்டு.

எல்லாவற்றையும் கண்ணை மூடிக் கேட்டுவிட்டு, "ராஜா பாட்டெல்லாம் மைதானத்துக்கு, பட்டதாரி. ரோட்டுல சோறு, செருப்பு, வீடு. இந்த மூணுக்குத்தான் கால் நகரும்" என்றார். அப்புறம் ஒரு விஷயத்தை நான் விட்டுவிட்டதாகச் சொன்னார். பாலம். ஒத்த நடையில் நூறு பேர் ஏறினால் பாலம் அதிரும். அதனால் பாலத்துக்கு முன்னால் பாட்டை நிறுத்தி, அடியைக் கலைத்து, சந்தைக்குப் போகிற கூட்டம் மாதிரி கடக்க வேண்டும். தாண்டியதும் மறுபடி எடுக்க வேண்டும். "பாலத்து மேல யாரு பாடுறான், யாரு பாடலன்னு எனக்குத் தெரியாது. அங்க மட்டும் நான் செவிடன்" என்றார்.

வீட்டில் அவர் பாடுவதில்லை. மனைவி தபால் நிலையத்தில் முத்திரை குத்துகிறவர். அந்தக் குத்தின் தாளத்தைக் கேட்டுத்தான் தன்னை அவருக்குப் பிடித்துப்போனது என்று அந்த அம்மாள் எல்லோரிடமும் சொல்வார். பிடித்த பிறகு இரண்டு குத்துக்கு நடுவே இடைவெளி சரியில்லை என்று திருத்த ஆரம்பித்ததையும் சொல்வார். சொட்டுகிற குழாய், டக் டக்கென்று அடிக்கும் மின்விசிறி இரண்டும் பல்லவிக்கு ஆகாது. பள்ளிக்கூடம் போகும் மகள் அவருடன் கடைத்தெருவுக்குப் போக மறுத்துவிட்டாள். "பால் பாக்கெட் வாங்கக்கூடப் பரேட் போகணும்" என்பது அவள் புகார்.

தாளம் தப்பி வரும் ஒலியைத் தாங்க முடியாத அந்தக் காதுக்கு, இந்த அணியில் ஒருவன் வந்து வாய்த்தான். பத்தொன்பது வயது, பெரிய தோள், பெரிய குரல். நூற்றொன்பது பேர் 'கெடக்கட்டும்' என்று முடித்த பிறகு அவனுடைய 'டும்' தனியாக வந்து விழும். பல்லவி அவனுக்கு வைத்த பெயர் அரைமாத்திரை. வரிசையில் இடம் மாற்றிப் பார்த்தார். காலுக்கு எண்ணச் சொன்னார். தோளில் தட்டித் தட்டிப் பாட வைத்தார். மாலையில் மைதானத்தைச் சுற்றி அவனோடு தனியாக நடந்தார். எட்டு வாரம் ஆகியும் அந்தப் பிந்திய 'டும்' போகவில்லை. பையனும் சளைக்கவில்லை. "அண்ணே, நான் சரியாத்தான் பாடுறேன். அவனுங்க முந்திடறானுங்க" என்பானாம். அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்திருக்கிறார் பல்லவி.

அந்தப் பையன் சென்ற மாதம் இருபத்து நான்கு கிலோமீட்டர் நெடுநடையில், திரும்பி வரும் வழியில், ஆற்றுப் பாலத்தைத் தாண்டிப் பன்னிரண்டு நிமிடத்தில் கீழே விழுந்தான். மருத்துவமனைக்குக் கொண்டுபோகும்போதே உயிர் இல்லை. உடல் சூடு அளவு கடந்திருந்தது என்று குறிப்பெழுதினார்கள்.

அதன் பிறகு பதின்மூன்று நாள் பல்லவி பாடவில்லை. காலையில் எட்டு முறை கொப்பளித்தார், முப்பது அடி நடந்தார், ஆறு மணிக்கு அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். அணி முரசுக்கு நடந்தது.

விசாரணைக் குழு ஒன்று போட்டார்கள். வாக்குமூலங்களைத் தட்டச்சு செய்ய என்னை உட்கார வைத்தார்கள். முதல் நாள் முழுவதும் கேட்டதில் விஷயம் ஒரே கேள்வியில் வந்து நின்றது. பையன் விழும் வரை பாடினானா? பாடினான் என்றால் நடையில் குற்றமில்லை. உள்ளே இருந்த நோயை மறைத்துவிட்டான், திடீரென்று சாய்ந்தான் என்று கோப்பை மூடிவிடலாம். பாடவில்லை என்றால், நிலையாணைப் புத்தகத்தின் அந்த ஒற்றை வரி எழுந்து நிற்கும். பக்கத்தில் நடந்த பையன்களுக்குத் தங்கள் மூச்சே தங்கள் காதை அடைத்திருந்தது. கேட்டிருக்கக்கூடிய காது ஒன்றுதான்.

பல்லவியை அழைத்திருந்த நாளுக்கு முதல் நாள் பிற்பகல், பயிற்சிக் கொட்டகையில் அவரோடு உட்கார்ந்திருந்தேன். கட்டுரைக்கு ஒரு சந்தேகம் கேட்கிற சாக்கில் போயிருந்தேன், கேட்கவில்லை. கேப்டன் வந்தார். நான் எழுந்ததும் உட்காரும்படி கையமர்த்தினார். என்னை ஒரு பொருட்டாக அவர் நினைக்கவில்லை. மெதுவாகத்தான் பேசினார், பழகிய குரலில்.

"நாளைக்கு ஒரே கேள்விதான், பல்லவி. கடைசி வரைக்கும் பாடினானா? பாடினான். முடிஞ்சுது. பையனோட அக்காகிட்டயும் அதைத்தான் சொல்லியிருக்கேன். அதக் கேட்டப்புறம்தான் அந்தம்மா ஒரு வாய் தண்ணி குடிச்சாங்க."

பல்லவி தலையைத் திருப்பினார். சுவரோரம் அடுக்கியிருந்த முரசுகளைப் பார்த்தபடி இருந்தார்.

"இல்லன்னு சொன்னா புஸ்தகத்துல மொதல்ல யாரு பேரு வரும்னு யோசிச்சுக்க" என்று கேப்டன் எழுந்தார். "என் பேரு ரெண்டாவதுதான்."

அவர் போன பிறகு வெகுநேரம் பல்லவியின் கட்டைவிரல் முழங்கால்மேல் நான்கு தட்டியது, நின்றது, நான்கு தட்டியது, நின்றது. அவர் மனைவி ஏற்கெனவே என்னிடம் வந்து சொல்லியிருந்தார்: ஓய்வுக்கு இன்னும் பதினொரு மாதம் இருக்கிறது, எதைச் சொன்னாலும் யோசித்துச் சொல்லச் சொல், நீ சொன்னால் கேட்பார். நான் எதைச் சொல்வது. இருவரும் கொட்டகையைப் பூட்டிக்கொண்டு வந்தோம்.

மறுநாள் காலை விசாரணை அறை வாசலில் பார்வையாளர் பெஞ்சில் பையனின் அக்கா உட்கார்ந்திருந்தாள். முப்பது வயது இருக்கும். துணி ஆலையில் வேலை. பெற்றோர் இல்லாத வீட்டில் தம்பியை வளர்த்தவள். அவன் பெட்டியைக் கொண்டுபோக வந்தவள், இரண்டு நாளாக அங்கேயே இருந்தாள். காகிதக் கட்டோடு உள்ளே போன என்னிடம் தானாகவே பேசினாள். "விழற வரைக்கும் பாடிக்கிட்டே இருந்தானாமே சார். வலியெல்லாம் இருந்திருக்காதுல்ல. பாட்டுன்னா அவனுக்கு உசுரு. தாளம்தான் வராது." சொல்லிவிட்டு லேசாகச் சிரித்தாள். நான் ஏதோ முனகிவிட்டு உள்ளே நழுவினேன்.

அறையில் நீள மேசை. நடுவில் குழுத் தலைவர், நரைத்த மேஜர். ஜன்னலோரம் தனி நாற்காலியில் கேப்டன். சம்பந்தப்பட்டவர் என்பதால் அவர் இருந்து கேட்கலாம் என்பது விதி. பல்லவி வந்து விறைப்பாக நின்றார். தளர்ந்து நிற்கச் சொன்னார்கள். நின்ற நிலை மாறவில்லை.

பணிக்காலம், அன்றைய வெயில், புறப்பட்ட நேரம் என்று கேள்விகள் போயின. ஒவ்வொன்றுக்கும் அளந்து பதில் வந்தது. எத்தனை அடி வேகம் என்று கேட்டபோது, புறப்படும்போது நிமிடத்துக்கு நூற்றுப் பதினாறு, பாலத்துக்கு ஒரு கிலோமீட்டர் முன்னாலிருந்து நூற்று முப்பது என்றார். ஏன் ஏறியது? கேப்டன் வண்டியிலிருந்து பிரம்பை இரண்டு சுற்றுச் சுற்றிக் காட்டினார் என்றார். இன்னொரு அணியின் நேரத்தை முந்த வேண்டியிருந்தது என்பது அறையில் எல்லோருக்கும் தெரியும். கேப்டன் ஜன்னலுக்கு வெளியே பார்த்தார். வேகத்தை ஏற்றச் சொல்ல அவருக்கு உரிமை உண்டு. அது குற்றம் ஆகாது.

மேஜர் கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார். "அந்தப் பையன் விழும்வரை பாடினானா?"

"பாலம் வரைக்கும் பாடினான், சார்."

"அதற்குப் பிறகு?"

என் விரல்கள் விசைகளின் மேல் நின்றன. ஜன்னலோர நாற்காலி ஒருமுறை முனகியது. ஒரு வார்த்தை போதும். அதைச் சொன்னால் வாசலில் இருக்கிறவளுக்கு ஆறுதல், ஜன்னலோரம் இருக்கிறவருக்கு நிம்மதி, பல்லவிக்குப் பதினொரு மாதம்.

"அதுக்கப்புறம் பாட்டு சுத்தமா இருந்துச்சு, சார்."

மேஜருக்குப் புரியவில்லை. பக்கத்தில் இருந்தவர்களைப் பார்த்தார். விளக்கிச் சொல்லும்படி கேட்டார்.

பல்லவி சொன்னார். அரைமாத்திரையின் பிந்திய குரலைப் பற்றி, எட்டு வாரம் அதோடு மல்லுக்கு நின்றதைப் பற்றி, இன்றைக்காவது சேர்ந்து வருமா என்று தினமும் காது காத்திருந்ததைப் பற்றி, ஏதோ சரக்குக் கணக்கை ஒப்பிக்கிற குரலில் சொல்லிக்கொண்டு வந்தார். பாலம் தாண்டிப் பாட்டை மறுபடி எடுத்தபோது பதில் ஒரே அடியாக வந்து விழுந்தது. ஓரத்தில் பிசிறு இல்லை.

"பையன் புடிச்சுட்டான்னு நெனச்சேன், சார். ரொம்ப சந்தோஷமா இருந்துச்சு."

மேஜர் முன்னால் சாய்ந்தார். இரக்கத்தோடுதான் கேட்டார் என்று நினைக்கிறேன். "அப்படியானால் அவன் தாளம் பிசகாமல் பாடுகிறான் என்று நம்பினீர்கள். அவன் பாடவில்லை என்று உங்களுக்குத் தெரிந்திருக்க வழியில்லை. அப்படித்தானே?"

அறைக் கதவு விரியத் திறந்து வைக்கப்பட்டதுபோல இருந்தது. அவர் ஆமாம் என்று சொன்னால் போதும், அது பொய் என்றுகூட எனக்குத் தோன்றவில்லை. கேப்டன் முதல் முறையாகத் தலையைத் திருப்பி அவரைப் பார்த்தார்.

"மொத சுத்துல தெரியாது, சார்" என்றார் பல்லவி. "ரெண்டாவது சுத்துல பாராட்டலாம்னு அவன் பக்கத்துல போனேன். வாய் அசையல. கண்ணு எங்கேயோ இருந்துச்சு. கால் மட்டும் சரியா விழுந்துச்சு."

"நடையைத் தளர்த்தினீர்களா?"

"இல்ல."

"ஏன்?"

இந்தப் பதிலுக்குத்தான் நேரம் எடுத்துக்கொண்டார். வெளியே மைதானத்தில் முரசு அடித்துக்கொண்டிருந்தது. அது நின்றது. மேஜரின் பென்சில் காகிதத்தின்மேல் காத்திருந்தது.

"கேப்டன் ஐயா மறுபடி பிரம்பச் சுத்தினாரு. அது ஒண்ணு." குரல் உடைந்தது, கனைத்துச் சரிசெய்துகொண்டார். "பாட்டு அவ்வளவு நல்லா இருந்துச்சு, சார். எத்தனையோ அணிக்கு எடுத்துக் குடுத்திருக்கேன், அப்படி ஒரு பதில் வந்ததே இல்ல. நிறுத்த மனசு வரல. இன்னும் ஒரு சுத்து போகட்டும்னு நெனச்சேன். அப்புறம் இன்னொண்ணு. நாலாவது முடியறப்ப விழுந்துட்டான்."

நான் தட்டிய ஒவ்வொரு எழுத்தும் அறை முழுக்கக் கேட்டது. கேப்டன் எழுந்து, இது அவருடைய சொந்தக் கற்பனை, நெடுநடையில் ஒரு தனிக்குரலை எவனாலும் பிரித்துக் கேட்க முடியாது என்று ஆட்சேபித்தார். ஆட்சேபத்தையும் பதிந்துகொள்ளச் சொன்னார் மேஜர். பிறகு பல்லவியிடம், நிலையாணையின் கீழ் முதல் பொறுப்பு யாருடையது என்பது தெரியுமா என்று கேட்டார். மனப்பாடமாகத் தெரியும் என்றார் பல்லவி. கேட்காமலே அந்த வரியை முழுவதும் சொன்னார்.

வாக்குமூலத்தைப் படித்துக் காட்டினேன். ஒரு சொல்லையும் மாற்றச் சொல்லாமல் மூன்று தாளிலும் கையெழுத்துப் போட்டார். முடிவு வர இரண்டு மூன்று மாதம் ஆகலாம் என்றார் மேஜர். குடும்பத்துக்கு முறைப்படி கடிதம் போகும். அதில் இந்த விவரமெல்லாம் இருக்காது. ஆகவே அந்தப் பெண்ணிடம் யாரும் எதுவும் சொல்ல வேண்டிய அவசியமில்லை என்று அறைக்குப் பொதுவாகச் சொல்லிவிட்டுக் கண்ணாடியை மாட்டிக்கொண்டார். அதில் ஒரு கருணை இருந்ததை நான் மறுக்கமாட்டேன்.

பல்லவி வணக்கம் வைத்துத் திரும்பி வெளியே போனார். கதவு சாத்தப்படவில்லை. என் மேசையிலிருந்து பெஞ்சு நேராகத் தெரிந்தது. அவரைக் கண்டதும் அந்தப் பெண் எழுந்தாள்.

"நீங்கதானே சார் பாட்டு எடுத்துக் குடுத்தவரு? ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க போதும். கடைசியா அவன் எந்த வரி பாடினான்? எழுதி அவன் போட்டோவுக்குக் கீழ ஒட்டலாம்னு."

நாற்பத்தெட்டு வரி இருந்தது அவரிடம். எதை எடுத்துக் கொடுத்தாலும் அவள் வாங்கிக்கொண்டு போயிருப்பாள். தாழ்வாரத்தின் அந்தக் கோடியில் அவருடைய மனைவி வேலையிலிருந்து பாதியில் வந்து நின்றுகொண்டிருந்தார். பல்லவி அவரைப் பார்த்தார், பிறகு இவளைப் பார்த்தார். தொப்பியைக் கழற்றினார்.

"உக்காரு தங்கச்சி."

அவள் உட்கார்ந்தாள். சீருடையில் இருப்பவர்கள் பார்வையாளர் பெஞ்சில் உட்காரக் கூடாது என்பது முகாம் விதி. இத்தனை வருடத்தில் அவர் அதை மீறி யாரும் பார்த்ததில்லை. பெஞ்சின் மீதியிடத்தில் அவள் தன் துணிப்பையை வைத்திருந்தாள். பல்லவி குனிந்து அந்தப் பையை இரண்டு கையாலும் தூக்கித் தன் மடியில் வைத்துக்கொண்டு, அவள் பக்கத்தில் உட்கார்ந்தார்.